அப்பாவுக்கு பார்வை மங்கிடுச்சு, கோயிலுக்கு கூட்டிட்டு போகலாமா?

கேள்வி: அப்பாவுக்கு வயசு 74, கண்ணு ரொம்ப மங்கிடுச்சு. நெல்லையப்பர் கோயிலுக்கு போகணும்னு ஆசைப்படுறாரு. சிற்பம் எதுவும் தெரியாதே, வீண் அலைச்சல்தானேன்னு வீட்ல சொல்றாங்க. உங்க கருத்து?

பதில்: தாராளமா கூட்டிட்டு போங்க தம்பி. உண்மைய சொல்லப்போனா போனை தூக்கி போட்டோ எடுத்துட்டே சுத்துற நம்மள விட அவருக்குதான் அந்த கோயில் நல்லா புரியும். வெளிய சுடுற கல்லுல நடந்து கோபுர வாசலுக்குள்ள காலை வச்சதும் தரை சில்லுனு ஆகும் பாருங்க, அங்க ஒரு நிமிஷம் நிறுத்துங்க, காத்து முகத்துல அடிக்கும். அப்புறம் சங்கிலி மண்டபம், சுவாமி சன்னதியையும் காந்திமதி அம்மன் சன்னதியையும் சேக்குறது, 1647ல கட்டுனது. அதுல நடக்கும்போது நம்ம பேச்சே வேற மாதிரி கேக்கும். உள்ள போகப்போக எண்ணெய், கற்பூரம், திருநீறு, கூடவே கொஞ்சம் வவ்வா வாடை (அதுவும் கோயில்தான்!). தூணை தடவி பாக்க சொல்லுங்க, ஆள் கை பட்டு பட்டு வழுவழுனு ஆன இடம் விரலுக்கு உடனே தெரியும். இசைத்தூண்கள் இருக்கே, ஒரே கல்லுல செதுக்குனது, தட்டினா சுரம் வரும், ஆனா நாம தட்ட வேணாம், கல்லு பாழாகும்.

சுவிட்சர்லாந்துல வால்ஸ்னு ஒரு ஊர்ல பீட்டர் சும்தோர்னு ஒரு கட்டடக்கலைஞர் 1996ல கல்லாலயே ஒரு குளியல் கூடம் கட்டுனாரு, ஒரு தொட்டில 42 டிகிரி, இன்னொண்ணுல 14 டிகிரி, உடம்பாலயே கட்டடத்த உணரணும்னு. உலகமே கொண்டாடுச்சு. நம்ம ஆளுங்க செருப்ப கழட்ட சொன்னதுலயே பாதி வேலைய முடிச்சுட்டாங்க.

மத்தியானம் மட்டும் போகாதீங்க, கால் வெந்துடும்.