பாசி எடுக்கிற வீட்டுப் பிள்ளைக்கு கோல்ஃப் கதை எதற்கு? – கடிதமும் பதிலும்

அன்புள்ள அண்ணனுக்கு,

கோல்ஃப் வீராங்கனை அதிதி அசோக் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். நான் மண்டபம் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் உடற்கல்வி ஆசிரியை. கட்டுரை நன்றாகத்தான் இருந்தது, ஆனால் படித்து முடித்ததும் எனக்குக் கோபம் வந்தது. என்னிடம் படிக்கிற பிள்ளைகளில் நிறையப் பேருடைய அம்மாக்கள் கடல்பாசி எடுக்கப் போகிறவர்கள். வட்டு எறிதலில் நல்ல கை உள்ள ஒரு ஒன்பதாம் வகுப்புப் பிள்ளையை மாவட்டப் போட்டிக்குக் கூட்டிப்போக பஸ் காசுக்கு அலைந்துகொண்டிருக்கிறேன். இவர்களிடம் போய் கோல்ஃப் வீராங்கனை கதையைச் சொல்லி என்ன ஆகப்போகிறது? அது காசுள்ளவர்கள் ஆட்டம். அதுவும் அந்தப் பெண் ஒலிம்பிக்கில் நான்காவதுதானே வந்தார், பதக்கம்கூட இல்லை. நம் பிள்ளைகளுக்குப் பொருந்துகிற ஒருவரைப் பற்றி எழுதக்கூடாதா? தப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

இப்படிக்கு,
பெயர் வேண்டாம், ஓர் ஆசிரியை

*

அன்புள்ள டீச்சர்,

தப்பாக எடுத்துக்கொள்ள என்ன இருக்கிறது? பிள்ளையைப் போட்டிக்குக் கூட்டிப்போக பஸ் காசு தேடுகிறவர் கேட்காமல் இந்தக் கேள்வியை வேறு யார் கேட்பது? எனக்கும் சொல்ல இருக்கிறது, கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

காசுள்ளவர்கள் ஆட்டம் என்றீர்கள். ஆமாம். பையில் 14 மட்டை வரை வைத்துக்கொள்ளலாம் என்பது விதி, ஒவ்வொன்றும் ஒவ்வொரு தூரத்துக்கு, ஒவ்வொன்றுக்கும் தனி விலை. மைதானம் என்றால் ஏக்கர் கணக்கில் புல், அந்தப் புல்லுக்கு ஓயாமல் தண்ணீர். காவிரித் தண்ணீர் குழாயில் எப்போது வரும் என்று குடத்தோடு காத்திருக்கிற மாவட்டம் நம்முடையது, இங்கே ஒரு கோல்ஃப் மைதானம் வேண்டும் என்று நான் ஒருநாளும் கேட்க மாட்டேன். காசு ஒரு பக்கம் இருக்கட்டும், ஆள் பார்த்துக் கதவைத் திறந்த ஆட்டமும்கூட இது. கல்கத்தாவில் வெள்ளைக்காரர்கள் 1829-லேயே கிளப் தொடங்கிவிட்டார்கள். ஆனால் கோல்ஃபின் தாய்வீடு என்று சொல்லப்படுகிற ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸ் கிளப், பெண்களை உறுப்பினராகச் சேர்க்கலாம் என்று முடிவெடுத்தது 2014-ல்தான். அமெரிக்காவின் அகஸ்டா கோல்ஃப் கிளப்பில் 2012 வரை ஒரு பெண் உறுப்பினர்கூடக் கிடையாது. ஏழை வீட்டுப் பையன்களுக்காவது ஒரு பின்வாசல் இருந்தது. டெல்லியில் மற்றவர்களுக்குப் பை சுமக்கும் கேடியாக இருந்த அலி ஷேர், பார்த்துப் பார்த்தே ஆடக் கற்றுக்கொண்டு 1991-ல் இந்தியன் ஓப்பன் போட்டியை ஜெயித்தார், 1993-ல் மறுபடியும் ஜெயித்தார். பை சுமக்கிற வேலைக்கு நம் நாட்டில் பெரும்பாலும் பெண் பிள்ளைகளை அனுப்புவதில்லை, அதனால் அந்தப் பின்வாசலும் அவர்களுக்கு இல்லாமல் போனது.

அதிதி கஷ்டப்பட்ட வீட்டுப் பெண் இல்லை. அதை மறைத்து, வறுமையில் வென்ற கதையாக ஆக்கிச் சொன்னால் உங்கள் பிள்ளைகளுக்குத்தான் துரோகம். பெங்களூரில் கோல்ஃப் மைதானத்தை ஒட்டிய ஓர் உணவகத்துக்கு அப்பா அம்மாவோடு சாப்பிடப் போன இடத்தில், வெளியே ஆடுகிறவர்களைப் பார்த்து நானும் ஆடணும் என்று கேட்டபோது அவருக்கு ஐந்து வயதுதான். வீட்டில் அதற்குமுன் யாரும் கோல்ஃப் ஆடியதில்லை. பிள்ளைக்காக அப்பாவும் கூடவே கற்றுக்கொண்டார். இந்தக் கடைசி விஷயத்தைக் கொஞ்சம் ஓரமாக வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வருகிறேன்.

நான் அவரைப் பற்றி எழுத நினைத்ததற்கு ஒரு காரணம், அவர் செய்வது ஒரு தொழில். நம் ஊரில் விளையாட்டு என்றால் பதக்கம், இல்லாவிட்டால் அரசு வேலை, இரண்டுக்கும் நடுவில் ஒன்றும் கிடையாது என்று நினைக்கிறோம். அதிதி 2015 டிசம்பரில், 17 வயதில், ஐரோப்பியப் பெண்கள் டூர், அதாவது தொழில்முறைப் போட்டிகளின் தொடர், அதில் ஆடுவதற்காக மொராக்கோவில் நடந்த தகுதிப் போட்டியை ஜெயித்தார். 2016 ஜனவரி 1-ல் தொழில்முறை ஆட்டக்காரர் ஆனார், பிளஸ் டூ பரீட்சையும் அதே வருடம்தான். ஆகஸ்டில் ரியோ ஒலிம்பிக், அப்பா அசோக்தான் கேடி. முதல் இரண்டு நாள் முன்வரிசையில் இருந்தார், அப்புறம் சறுக்கி 41-வது இடம். நவம்பரில் குர்கானில் பெண்கள் இந்தியன் ஓப்பனை ஜெயித்தார். ஐரோப்பிய டூரில் ஓர் இந்தியப் பெண் ஜெயித்தது அதுதான் முதல் தடவை. இரண்டே வாரத்தில் கத்தாரிலும் ஜெயித்தார். 2017-ல் அமெரிக்காவின் பெண்கள் டூரான எல்பிஜிஏ-வுக்குப் போனார்.

அதற்கப்புறம் அவர் வாழ்கிற வாழ்க்கை உங்கள் பிள்ளைகளுக்குச் சட்டென்று புரியும், எனக்கும் உங்களுக்கும்கூட அவ்வளவு சீக்கிரம் புரியாது. மாதச் சம்பளம் பழகிவிட்ட வீடுகளுக்குத்தான் அது விசித்திரம். ஒரு போட்டி வழக்கமாக வியாழன் தொடங்கி ஞாயிறு வரை நான்கு நாள். நூற்றுச் சொச்சம் பேர் ஆடுவார்கள். வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஒரு கோடு போடுவார்கள், அதற்குக் கட் என்று பெயர். கோட்டுக்கு இந்தப் பக்கம் நின்றவர்கள் சனி ஞாயிறு ஆடிப் பரிசுப் பணத்தைப் பிரித்துக்கொள்வார்கள். அந்தப் பக்கம் விழுந்தவர்களுக்குப் பெரும்பாலான போட்டிகளில் ஒரு காசும் கிடையாது. ஆனால் விமான டிக்கெட், தங்கும் அறை, சாப்பாடு, கேடிக்கு வாரக் கூலி எல்லாம் ஏற்கெனவே கையை விட்டுப் போயிருக்கும். டீசல் போட்டு, ஐஸ் ஏற்றி, ஆள் கூட்டிக்கொண்டு கடலுக்குப் போய், மீன் படாமல் விடிகாலையில் கரைக்கு வருகிற விசைப்படகுக்காரர் கணக்கு இதேதான். கேடிக்குக்கூட கூலி போக, ஜெயித்த பணத்தில் ஒரு பங்கு உண்டு. பாம்பனில் போய் இதைச் சொன்னால் யாருக்கும் விளக்க வேண்டியிருக்காது. இந்தக் கணக்கில் ஒரு பெண் 18 வயதிலிருந்து வாராவாரம், நாடு நாடாகப் போய்த் தன் சொந்தக் கையை நம்பி வாழ்கிறார். இதை நான் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்குச் சொல்லக்கூடாதா, டீச்சர்?

அப்புறம், நான்காவதுதானே என்று கேட்டீர்கள். இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும்.

டோக்கியோ ஒலிம்பிக்குக்குப் போகும்போது அவருடைய உலகத் தரவரிசை 200. அந்த வருடம்தான் கொரோனா வந்து படுத்து எழுந்திருந்தார், உடம்பில் பலம் குறைந்து பந்தை முன்புபோல் தூரத்துக்கு அடிக்க முடியவில்லை. முன்பும் அவர் பெரிய அடிக்காரர் இல்லை. போட்டி நடந்த கசுமிகசேக்கி மைதானத்தில் ஆடிய 60 பேரில் மிகக் குறைந்த தூரம் அடித்தவர்கள் வரிசையில்தான் அவர் இருந்தார். அதாவது மற்றவர்கள் இரண்டாவது அடியில் சின்ன மட்டையை எடுக்கும்போது இவர் பெரிய மட்டையை எடுக்க வேண்டும், அதனால் பந்து குழிக்குப் பக்கத்தில் போய் நிற்பது கஷ்டம். இதையெல்லாம் ஈடுகட்ட அவரிடம் இருந்தது ஒன்றே ஒன்றுதான். கிரீன் என்கிற வழுவழுப்பான புல்லுக்குப் பந்து வந்துவிட்டால், அதைத் தட்டிக் குழியில் போடுகிற கை. குனிந்து, புல் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது, தரை எங்கே சரிகிறது என்று பார்த்து, எழுந்து வந்து, அவசரமில்லாமல் ஒரு தட்டு. கோல்ஃபில் பந்தை எவ்வளவு குறைந்த தடவை அடித்து 18 குழியையும் முடிக்கிறோமோ அவ்வளவு நல்லது. நான்கு நாளும் அவர் எடுத்த அடிகள் 67, 66, 68, 68. மைதானத்துக்கு இத்தனை அடி என்று வைத்திருக்கிற கணக்கைவிட மொத்தம் 15 அடி குறைவு.

2021 ஆகஸ்ட் 7, சனிக்கிழமை. நம் நேரத்துக்கு விடிகாலை. அதுவரை கோல்ஃப் என்றால் என்னவென்றே தெரியாதவர்கள்கூட எழுந்து உட்கார்ந்து பார்த்தார்கள். கடைசிக் குழிகள் நெருங்கும்போது இடியும் மழையும் வந்து ஆட்டத்தை நிறுத்தினார்கள், மறுபடி தொடங்கினார்கள். 18-வது குழியில் அவர் தட்டிய பந்து விழுந்திருந்தால், ஜப்பானின் மோனே இனாமி, நியூசிலாந்தின் லிடியா கோ இருவரோடும் சமமாகி வெள்ளி, வெண்கலத்துக்கான கூடுதல் ஆட்டத்தில் நின்றிருப்பார். விழவில்லை. தங்கம் வாங்கிய நெல்லி கோர்டாவுக்கும் இவருக்கும் நான்கு நாள் ஆட்டத்தில் வித்தியாசம் இரண்டே அடி. அதே நாள் சாயங்காலம் நீரஜ் சோப்ரா ஈட்டி எறிந்து தங்கம் வாங்கினார், நாடே கொண்டாடியது, சரிதான், நானும் கொண்டாடினேன். ஆனால் காலையில் நடந்தது சாயங்காலத்துக்குள் காணாமல் போனதில் எனக்கு இன்னும் வருத்தம் உண்டு. உங்கள் வட்டு எறிகிற பிள்ளை நாளைக்கு மாநிலப் போட்டியில் நான்காவது வந்தால், நாமும் இப்படித்தான் பதக்கம்கூட இல்லை என்று சொல்லிவிட்டுப் போவோமா?

இதற்கு மேலும் ஒன்று உண்டு. 2023 பிப்ரவரியில் கென்யாவில் ஒன்பது அடி வித்தியாசத்தில் ஜெயித்தார். அந்த வருடம் ஹாங்சோ ஆசிய விளையாட்டில் கடைசி நாளுக்கு ஏழு அடி முன்னிலையோடு போனார். எல்லாரும் தங்கம் உறுதி என்று எழுதிவிட்டார்கள். அன்றைக்குப் பார்த்து 77 அடித்து வெள்ளிக்கு இறங்கினார். ஆசிய விளையாட்டில் கோல்ஃபில் இந்தியப் பெண் ஒருவர் வாங்கிய முதல் பதக்கம் அது, ஆனால் அன்றைய முகத்தைப் பார்த்தவர்களுக்கு அது பதக்கமாகத் தெரிந்திருக்காது. இரண்டு மாதம் முடிவதற்குள் ஸ்பெயின் ஓப்பனை ஜெயித்தார். தொழிலாக எடுத்துக்கொண்டவர்களுக்கு அடுத்த வாரம் என்று ஒன்று எப்போதும் இருக்கிறது. பதக்கத்தை மட்டும் பார்க்கிற நம் கண்ணில் அது படுவதில்லை.

கதை சொல்லி என்ன ஆகப்போகிறது என்ற உங்கள் கேள்விக்குத் தென்கொரியாவிலிருந்து ஒரு பதில் இருக்கிறது. அங்கேயும் கோல்ஃப் வசதியானவர்கள் ஆட்டம்தான். 1998-ல் நாடே கடனில் மூழ்கி ஆட்கள் வேலை இழந்துகொண்டிருந்த நேரம், பாக் சே-ரி என்கிற 20 வயதுப் பெண் அமெரிக்காவில் யுஎஸ் பெண்கள் ஓப்பனின் கூடுதல் ஆட்டத்தில் நிற்கிறார். 18-வது குழியில் பந்து குளத்தோரச் சரிவில் புல்லுக்குள் போய்ச் சிக்கியது. ஷூவையும் சாக்ஸையும் கழற்றிவிட்டுத் தண்ணீருக்குள் இறங்கினார். கால் முழுக்க வெயிலில் கறுத்திருக்க, சாக்ஸுக்குள் இருந்த பாதம் மட்டும் வெள்ளை வெளேர் என்று இருந்தது. எத்தனை நாள் வெயிலில் நின்று பழகியிருந்தால் அப்படி ஒரு கோடு விழும் என்று யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. தண்ணீரில் நின்றபடியே பந்தை வெளியே அடித்தார், கடைசியில் ஜெயித்தார். அதை டிவியில் பார்த்து கோல்ஃப் மட்டையை எடுத்த பிள்ளைகளில் ஒருத்தி பத்து வயது நிறையப்போகிற பாக் இன்-பீ. 2016 ரியோவில் பெண்கள் கோல்ஃப் தங்கம் அவருக்கு. ரியோவில் கொரிய அணிக்குப் பயிற்சியாளராகக் கூட நின்றவர் அதே சே-ரி.

நம் பிள்ளைகள் பார்த்துவிட்டு கோல்ஃப் ஆடப் போவதில்லை. வட்டு எறியட்டும், கைப்பந்து ஆடட்டும், இந்தக் கடலில் நீந்தட்டும். மூச்சைப் பிடித்துக்கொண்டு கடலடியில் பாசி எடுக்கிற அம்மாக்களின் பிள்ளைகளுக்கு உடம்பில் என்ன குறை?

சரி, ஓரமாக வைக்கச் சொன்ன விஷயத்துக்கு வருகிறேன். ரியோவில் பை சுமந்தவர் அப்பா. டோக்கியோவில் அம்மா மகேஸ்வரி. அந்த ஆகஸ்ட் வெக்கையில் நான்கு நாளும் மகளுடைய மட்டைகளைத் தோளில் போட்டுக்கொண்டு மைதானம் முழுக்க நடந்தார். நான் கட்டுரை எழுதியதே அந்தப் பைக்காகத்தான், டீச்சர். கேட்டால் நம் கடற்கரையில் எந்த அப்பா அம்மாவும் பிள்ளை மேல் பாசம் இல்லாதவர்கள் இல்லை. ஆனால் பிள்ளை வயதுக்கு வந்ததும் என்ன நடக்கிறது என்று என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். எட்டாம் வகுப்பில் ஓடிக்கொண்டிருந்தவள் ஒன்பதாம் வகுப்பில் மைதானத்துப் பக்கம் வருவதில்லை. டிரவுசர் போடக்கூடாது, வெளியூரில் தங்கக்கூடாது, தம்பியைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும். பஸ் காசை எப்படியாவது புரட்டிவிடலாம், ஊரில் நாலு பேரிடம் நானே கேட்கிறேன். இந்த இடத்தில்தான் பிள்ளைகள் கைநழுவிப் போகிறார்கள். பிறவியிலேயே காது கேளாத கோல்ஃப் வீராங்கனை தீக்ஷா டாகர் செவித்திறன் குறைந்தோருக்கான ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கினார், காது கேட்பவர்களோடு ஆடி ஐரோப்பிய டூரிலும் ஜெயித்திருக்கிறார். அவர் கதையிலும் ஆரம்பத்திலிருந்து கூட நின்றவர் ராணுவத்தில் இருந்த அப்பா.

அதனால் என் யோசனை இதுதான். டோக்கியோ கடைசி நாள் ஆட்டத்தின் வீடியோ இணையத்தில் கிடைக்கிறது, அதைப் பிள்ளைகளுக்கு மட்டும் போட்டுக் காட்டாதீர்கள். அம்மாக்களையும் வரச் சொல்லுங்கள். விளையாட்டு விடுதியில் சேர்ந்தால் தங்கவும் சாப்பிடவும் படிக்கவும் அரசு பார்த்துக்கொள்ளும் என்பதும், அரசு வேலையில் விளையாட்டுக்காரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது என்பதும் உங்களுக்குத் தெரியும். வட்டு எறிகிற பிள்ளையின் அம்மாவுக்கு அதை யாராவது உட்காரவைத்துச் சொல்லியிருக்கிறார்களா? பாசிக்குப் போகாத நாளாகப் பார்த்து வையுங்கள், சாயங்காலமாக இருந்தால் நல்லது. புரொஜெக்டர் இல்லை என்றால் சொல்லுங்கள், ராமநாதபுரத்தில் ஒரு நண்பரிடம் இருக்கிறது, வாங்கிக்கொண்டு நானே வருகிறேன். மாவட்டப் போட்டி என்றைக்கு, எத்தனை பேர் போகிறீர்கள் என்பதையும் பதில் மெயிலிலேயே எழுதிவிடுங்கள்.

அன்புடன்,
அண்ணன்