ஹைட்ரஜன் உங்களுக்குப் புதுசு இல்லை, தம்பி

கேள்வி: ஐயா, எனக்கு வயது 32. கெமிக்கல் இன்ஜினியரிங் முடித்துவிட்டு ஏழு வருடமாக ஒரு காஸ்டிக் சோடா ஆலையில் ஷிஃப்ட் இன்ஜினியராக இருக்கிறேன். பசுமை ஹைட்ரஜன் துறையில் நிபுணராக வேண்டும் என்று ஆசை. சென்னையில் ஒரு பயிற்சி நிலையம் மூன்று மாதப் படிப்புக்கு ஒன்றரை லட்சம் கேட்கிறது. முடித்தால் 'ஹைட்ரஜன் நிபுணர்' சான்றிதழாம். வேலையை விட்டுவிட்டுச் சேரலாமா? அப்பச்சி, "கையில இருக்கிறத விட்டுட்டு காத்தைப் பிடிக்கப் போறியா?" என்கிறார்கள்.
- ஒரு வாசகர், தேவகோட்டை

பதில்: அந்த ஒன்றரை லட்சத்தை முதலில் பத்திரமாக வையுங்கள், தம்பி.

ஏழு வருடமாக ஹைட்ரஜனோடு குடித்தனம் நடத்திக்கொண்டே, அந்தத் துறைக்குள் எப்படி நுழைவது என்று கேட்கிறீர்கள். உங்கள் செல் ஹவுஸில், அதாவது மின்பகுப்பு நடக்கும் கூடத்தில், உப்புக் கரைசலில் கரண்ட் பாய்ந்தால் ஒரு பக்கம் குளோரின், மறுபக்கம் காஸ்டிக்கும் ஹைட்ரஜனும். ஒரு டன் காஸ்டிக்குக்குச் சுமார் 25 கிலோ ஹைட்ரஜன் கூடவே வருகிறது. பசுமை ஹைட்ரஜன் ஆலையில் உப்புக்குப் பதில் சுத்திகரித்த தண்ணீர். கரண்ட் வெயிலிலிருந்தோ காற்றிலிருந்தோ வருகிறது. மற்றபடி செல், வாயுக்களைப் பிரித்துவைக்கும் மெம்பிரேன், ஏசி கரண்டை டிசி ஆக்கும் ரெக்டிஃபயர், குழாயை நைட்ரஜன் விட்டுச் சுத்தம் செய்யும் பர்ஜ் எல்லாம் நீங்கள் தினமும் புழங்குகிற சாமான்கள்தான்.

இந்தத் துறையில் நான் மதிக்கிறவர்கள் யாரும் சான்றிதழோடு வந்தவர்கள் இல்லை. ஒருவர் உர ஆலையின் அம்மோனியா பிரிவில் பல வருடம் கிடந்தவர். இன்னொருவர் ரிஃபைனரிக்காரர். ஒரு பழைய தொழிலை ஆழமாகக் கற்றவர்கள்தான் இங்கே வந்து நிபுணர் ஆனார்கள். தொழிலும் ஒன்றும் புதிதல்ல. பக்ரா அணை மின்சாரத்தில் தண்ணீரைப் பிரித்து எடுத்த ஹைட்ரஜனைக் கொண்டு பஞ்சாபின் நங்கலில் 1962-லேயே அணு உலைகளுக்கான கனநீர் ஆலை ஓடியிருக்கிறது.

நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஓர் ஆலையில் கண்ட காட்சி இன்னும் கண்ணில் நிற்கிறது. ஹைட்ரஜன் லைன் ஓரமாக ஒரு வயதான ஆபரேட்டர் விளக்குமாற்றைக் கைநீட்டிப் பிடித்தபடி அடிமேல் அடி வைத்துப் போனார். பெருக்கப் போகிறார் என்று நினைத்தேன். ஓர் இடத்தில் ஈர்க்குச்சி நுனி சட்டெனக் கருகியது. அங்கே தீ எரிந்துகொண்டிருந்தது. பட்டப்பகலில் என் கண்ணுக்கு ஒன்றுமே தெரியவில்லை. ஹைட்ரஜனுக்கு மணமும் கிடையாது. காற்றில் 4 சதவீதத்திலிருந்து 75 சதவீதம் வரை கலந்தால் தீப்பிடிக்கும். இன்றைக்கு அதற்கு டிடெக்டர்கள் இருக்கின்றன. ஆனால் அந்தப் பயபக்தி எந்த மூன்று மாத வகுப்பிலும் வராது. ஏழு வருட ஷிஃப்டில் உங்களுக்கு வந்திருக்கும். கம்பெனிகள் தேடுவது அதைத்தான்.

உங்களுக்கு இல்லாதது ஒன்று: காசுக் கணக்கு. ஒரு கிலோ ஹைட்ரஜன் எடுக்க 50 முதல் 55 யூனிட் கரண்ட் வேண்டும். அந்தக் கிலோவுக்குள் இருக்கும் சக்தியோ 33 யூனிட்தான். யூனிட் 4 ரூபாய் என்றால் கரண்டுக்கு மட்டுமே 200 ரூபாய் தாண்டிவிடும். வெயில் இறங்கியதும் செல்லை நிறுத்தினால் போட்ட முதல் தூங்கும். இரவு கரண்ட் வாங்கினால் செலவு ஏறும். தண்ணீரும் கிலோவுக்குக் குறைந்தது 9 லிட்டர் வேண்டும், அதுவும் உப்பு துளியும் இல்லாமல். நம் பக்கத்துக் கிணற்றுத் தண்ணீரை அப்படியே விட்டால் செல் கெட்டுப்போகும். இந்தக் கணக்கை ஒரு தாளில் போட்டு முதலாளிக்குப் புரியவைக்கிறவரைத்தான் நான் நிபுணர் என்பேன்.

படிக்க வேண்டுமா? என்பிடெல் என்ற இணையப் பாடத் தளத்தில் ஐஐடி பேராசிரியர்கள் நடத்தும் ஹைட்ரஜன் பாடம் இலவசமாகவே இருக்கிறது. அப்புறம், வீட்டுக்குப் பக்கத்தில் காரைக்குடியில் சிக்ரி இருக்கும்போது சென்னைக்கு எதற்கு? அழகப்பச் செட்டியார் 300 ஏக்கரும் 15 லட்சமும் கொடுக்க, 1948-இல் நேரு அடிக்கல் நாட்டிய மின்வேதியியல் ஆய்வகம் அது. உங்கள் தொழிலுக்குத் தாய்வீடு மாதிரி. லீவு போட்டு ஒருநாள் போய், பயிற்சியும் ஆராய்ச்சி வாய்ப்பும் என்ன இருக்கிறது என்று நேரில் விசாரியுங்கள். செட்டிநாட்டில் பிறந்தவர்கள் அந்த வாசலை வெளியிலிருந்தே பார்த்துவிட்டுப் போவது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

அப்பச்சி சொல்வதில் நியாயம் இருக்கிறது. 2023-இல் மத்திய அரசு 19,744 கோடி ரூபாயில் பசுமை ஹைட்ரஜன் இயக்கத்தை அறிவித்தது. 2030-க்குள் வருடத்துக்கு 50 லட்சம் டன் என்பது இலக்கு. தூத்துக்குடி துறைமுகத்திலும் 2025-இல் ஒரு சிறிய மாதிரி ஆலை வந்துவிட்டது. ஆனாலும் அறிவித்த திட்டங்களில் கட்டி முடிந்தவை கொஞ்சம்தான். பசுமை ஹைட்ரஜன் விற்கிற விலைக்கு நீண்டகால ஒப்பந்தம் போட்டு வாங்க ஆள் இல்லாமல் பல திட்டங்கள் நிற்கின்றன. ஆகவே அடுத்த வேலையின் ஆர்டர் கையில் வரும்வரை ராஜினாமா என்ற பேச்சே வேண்டாம்.

அதுவரை உங்கள் மேனேஜரிடம் ஹைட்ரஜன் கம்ப்ரஸர் பிரிவைக் கேட்டு வாங்குங்கள். ஆலையில் எங்கே என்ன ஆபத்து வரலாம் என்று அலசும் ஹசாப் கூட்டம் நடந்தால் உட்கார இடம் கேளுங்கள். ஆறு மாதம் கழித்து, உங்கள் ஆலையில் வருகிற ஹைட்ரஜன் எத்தனை கிலோ, எங்கே போகிறது, கிலோவுக்கு என்ன அடக்கம் என்று ஒரு தாளில் எழுதுங்கள். அதை முதலில் அப்பச்சியிடம் காட்டுங்கள். அவர்களுக்குக் கணக்குப் புரிந்தால் எனக்கும் ஒரு நகல் அனுப்புங்கள், பார்த்துத் திருத்தித் தருகிறேன்.