மிசோரி சமரசம் என்றால் என்ன? அதற்கு ஏன் அமெரிக்கக் கட்சிகள் ஒத்துப்போயின?

1819இல் அமெரிக்காவில் அடிமை முறை உள்ள மாநிலங்கள் 11, இல்லாதவை 11. மாநிலத்துக்கு இரண்டு செனட்டர்கள் என்பதால் செனட்டில் இரு தரப்பும் சரிசமம். மிசோரி அடிமை மாநிலமாகச் சேர வந்ததும் அந்தச் சமநிலை ஆடியது. 1820இல் ஒரு பேரம் படிந்தது: மிசோரி அப்படியே சேரலாம், ஈடாக மெய்ன் அடிமை முறையற்ற மாநிலமாகச் சேரும். பிரான்சிடம் வாங்கிய நிலத்தில், மிசோரி தவிர, 36 பாகை 30 கலை அட்சக்கோட்டுக்கு வடக்கே அடிமை முறை கூடாது. இதுதான் மிசோரி சமரசம்.

சரி, கட்சிகள் ஏன் இதை விடாமல் பிடித்துக்கொண்டன? பின்னாளில் வந்த விக் கட்சிக்கும் ஜனநாயகக் கட்சிக்கும் வடக்கிலும் தெற்கிலும் ஓட்டு வேண்டும். அடிமை முறை பற்றி வாய் திறந்தால் கட்சியே இரண்டாகும். சொத்துத் தகராறில் பங்காளிகள் வீட்டுக்கு நடுவே சுவர் எழுப்புவது போல, சண்டையைத் தள்ளிப்போட்டார்கள். அடிமைப்பட்டவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. எனக்கு இதுதான் பெரிய அநியாயம். 1854இல் கான்சஸ்-நெப்ராஸ்கா சட்டம் அந்த அட்சக்கோட்டுத் தடையை நீக்கியது. விக் கட்சி சிதறியது, குடியரசுக் கட்சி பிறந்தது.

மிசோரி சமரசம் அடிமை முறையைப் படிப்படியாக ஒழிக்க வந்த ஏற்பாடு என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை: 1820இல் சுமார் 15 லட்சமாக இருந்த அடிமைப்பட்டோர், 1860இல் ஏறக்குறைய 40 லட்சம் ஆனார்கள்.