சுவிஸ் மலைப்பூ கல்லடியில முளைக்கல்ல எண்டு கேட்ட தம்பிக்கு

தம்பி, மச்சாள் சுவிஸில இருந்து அனுப்பின ட்ரையாஸ் எண்ட மலைப்பூ விதை ரெண்டு மாசமாகியும் மட்டக்களப்பு கல்லடி வீட்டுச் சாடியில முளைக்கல்ல எண்டு எழுதியிருந்தீங்க, அதுல உங்கட பிழை ஒண்டுமில்ல. அது ரோசாக் குடும்பம்தான், ஆனா நம்மட ரோசா மாதிரி இல்ல, ஆல்ப்ஸ் மலையிலயும் ஆர்க்டிக் பக்கமும் கல்லோட கல்லா தரையில பாய் விரிச்ச மாதிரிப் படரும், வெள்ளைப் பூ, பெரும்பாலும் 8 இதழ். ஐஸ்லாந்துக்காரருக்கு இதுதான் தேசியப் பூ எண்டா பாருங்களன்.

குளிர் பட்டாத்தான் விதை நல்லா விழிக்கும். ஈர மணலோட கலந்து பிரிஜ்ஜில (ஃப்ரீஸர்ல இல்ல) ஒரு ஆறு கிழமை வச்சுப் பாருங்க, மறுகா ஒண்டு ரெண்டு முளைக்கலாம். ஆனா முளைச்சாலும் மட்டக்களப்பு வெக்கைக்கு நிண்டு பிடிக்காது, இஞ்ச ராவிலயும் புழுக்கம்தானே, வேர் அழுகிப் போயிரும். நுவரெலியாவில ஆரும் சொந்தக்காரர் இருந்தா அங்க குடுத்துப் பாக்கலாம், அதுவும் நிச்சயமில்ல, பனி மூடுற மாரிகாலம் அங்கயும் இல்லையே.

தரையோட படர்ந்து பூக்கிறதுதான் வேணுமெண்டா பத்துமணிப்பூ வைங்க, கடற்கரை மணலுக்கும் வெயிலுக்கும் அது சும்மா கிடந்து பூக்கும், தண்ணிய மட்டும் அள்ளி ஊத்தாதீங்க.