லண்டன் பெருசானப்போ அக்கம்பக்கம் அறுந்துபோச்சா?

கேள்வி: ஷேக்ஸ்பியர் காலத்துல லண்டன் திடீர்னு பெரிய நகரமா ஆனதும் கிராமத்து ஒட்டுறவெல்லாம் போயி, யாருக்கும் யாரையும் தெரியாத கூட்டமா ஆயிட்டாங்கனு படிச்சேன். உண்மையா? சாதாரண ஆளுங்களோட அன்றாட வாழ்க்கை அப்போ எப்படி இருந்துச்சு?

ஒரே வரியில கேட்டா, அறுந்துபோகலைங்க. பல தெருக்கள்ல இன்னும் இறுகிப்போச்சுன்னே நான் சொல்வேன். எம்.ஏ. வரலாறு படிச்ச காலத்துலேர்ந்தே எனக்கு இந்த லண்டன் மேல தனிப் பிடிப்பு உண்டு, ராஜா ராணி கதைய விட இந்தத் தெருக்கதைதான் முக்கியம்னு நெனைக்கிற ஆளு நான், அதனால கொஞ்சம் நீளமாவே எழுதுறேன்.

மொதல்ல ஊரோட அளவு புரியணும். 1500 வாக்குல லண்டன்ல சுமாரா 50,000 பேர். 1600ல 2 லட்சம், 1650ல 4 லட்சம், 1700ல 5.75 லட்சம்னு மதிப்பிடுறாங்க. அந்த 1700ல இங்கிலாந்தோட ரெண்டாவது பெரிய ஊரு நார்விச், அங்க மொத்தமே 30,000 பேர் வாக்குலதான். இதுல கவனிக்க வேண்டியது என்னன்னா, 17ஆம் நூற்றாண்டுல பெரும்பாலான வருஷங்கள்ல லண்டன்ல ஞானஸ்நானத்த விட அடக்கம்தான் அதிகம். பொறக்கறத விட சாவு கூட, ஆனாலும் ஊரு பெருத்துக்கிட்டே போகுது. இ.ஏ. ரிக்லினு ஒரு மக்கள்தொகை வரலாற்று ஆய்வாளர் 1967ல கணக்குப் போட்டார்: 1650லேர்ந்து 1750 வரைக்கும், திரும்பிப் போனவங்களக் கழிச்சுட்டுப் பாத்தாலே, வருஷத்துக்கு சராசரியா 8,000 பேர் வெளியூர்லேர்ந்து வந்து சேந்தாத்தான் அந்த வளர்ச்சி சாத்தியம், இங்கிலாந்துல வயசுக்கு வந்தவங்கள்ல ஆறுல ஒருத்தர் வாழ்க்கையில ஏதோ ஒரு கட்டத்துல லண்டன்ல இருந்துருப்பாங்கன்னார். அதாவது லண்டன்ங்கறதே வந்தேறிகளோட ஊரு. இருபது வயசு ஒட்டி வந்து எறங்குன பசங்களும் பொண்ணுங்களும்தான் அந்த நகரம்.

அரசாங்கத்துக்கு இது பிடிக்கல. 1580ல எலிசபெத் ராணி ஒரு உத்தரவு போட்டாங்க: நகர வாசல்கள்லேர்ந்து 3 மைலுக்குள்ள புது வீடு கட்டக்கூடாது, ஒரு வீட்டுல ஒரு குடும்பம்தான் குடியிருக்கணும். பிளேக் பரவும், சாப்பாட்டுக்குத் தட்டுப்பாடு வரும், கூட்டத்தக் கட்டுப்படுத்த முடியாதுன்னு காரணம் சொன்னாங்க. யாரும் கேக்கல. வர்றவன் எங்கயாவது படுத்தாகணுமே, அதனால இருந்த வீட்டையே பலகை வச்சுத் தடுத்து ரெண்டாக்குறது, மாடிய வாடகைக்கு விடுறது, பின்கட்டுத் தோட்டத்துல கண்ணுக்குத் தெரியாத சந்துக்குள்ள மோசமா ஒரு குடிசையக் கட்டுறதுனு போச்சு. பின்னாடி வந்த ஸ்டூவர்ட் ராஜாக்கள் இந்தச் சட்டத்த அபராதம் வாங்குற வருமானமாவே ஆக்கிட்டாங்க. நெரிசலைத் தடுக்கப் போட்ட உத்தரவு நெரிசலை அதிகமாக்குச்சுங்கறதுதான் என்னோட கருத்து.

சரி, ஊரு பேரு தெரியாத ஒரு பையன் வந்து எறங்குறான், அவன் எப்படி ஒட்டுறான்? பெரும்பாலும் ஒரு வீட்டுக்குள்ள நேரா போய்ச் சேர்ந்துடுவான். அப்ரண்டிஸ்னா, அதாவது தொழில் கத்துக்க வந்த பையன்னா, குறைஞ்சது 7 வருஷம் எஜமான் வீட்டுலயே தூங்கி, அவர் மேஜையிலயே சாப்பிட்டு, கல்யாணம் கூடாது, சூதாட்டம் கூடாது, சாராயக் கடைக்குப் போகக்கூடாதுனு எழுதிக் கையெழுத்துப் போட்டுட்டு இருக்கணும். பாதிக்கு மேல பேர் முடிக்காமலேயே விட்டுட்டுப் போனாங்க, சண்டை போட்டோ, செத்தோ, ஊருக்குத் திரும்பியோ. முடிச்சவனுக்கு நகரத்துல கடை போடுற உரிமை கெடைக்கும். பொண்ணுங்களுக்கு வீட்டு வேலைதான் வழி, அவங்களும் அந்த வீட்டுலயேதான் தங்குவாங்க. எஜமான், எஜமானி, பிள்ளைங்க, அப்ரண்டிஸ், வேலைக்காரி எல்லாம் சேர்த்துத்தான் அங்க "குடும்பம்"னு சொல்லுவாங்க. தனியா ரூம் எடுத்து யாருக்கும் தெரியாம இருக்கறதுங்கறது இந்த வயசுப் பசங்களுக்கு லேசுல நடக்காத காரியம்.

இப்போ நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வர்றேன். செயின்ட் பால்ஸ் கதீட்ரல்ல லண்டன் பிஷப்போட சபை நீதிமன்றம் நடந்துச்சு, அதுல மானநஷ்ட வழக்குகள் குவிஞ்சு கெடக்கு. 17ஆம் நூற்றாண்டு ஆரம்பத்துல அந்த வழக்கு போட்டவங்கள்ல பெரும்பான்மை பொம்பளைங்க. யாரு மேலன்னா, பெரும்பாலும் இன்னொரு பக்கத்து வீட்டுப் பொம்பளை மேல. எதுக்குன்னா, வாசல்ல நின்னு நாலு பேர் கேக்க "நீ வேசி, என் புருஷனை வளைச்சுப் போட்டுட்ட"ன்னு திட்டினதுக்கு. சாட்சி சொல்ல வந்தவங்களோட வாக்குமூலம் எல்லாத்தையும் குமாஸ்தா எழுதி வச்சுருக்காரு, நான் அச்சுல வந்த சில தொகுப்புகள்ல படிச்சப்போ அப்படியே உக்காந்துட்டேன், ஏன்னா ஒரு தெருவே அதுல இருக்கு. ஒருத்தி வாசப்படியில உக்காந்து தையல் போட்டுக்கிட்டு இருக்கா, இன்னொருத்தி மாடி ஜன்னல்லேர்ந்து எட்டிப் பாக்குறா, ஒருத்தி கடையில சாமான் வாங்கிக்கிட்டே காதுல வாங்குறா, எல்லாரும் கோர்ட்டுல வந்து யாரு எங்க நின்னா, என்ன வார்த்தை சொன்னா, எவ்ளோ சத்தமா சொன்னானு வரிசையா சொல்றாங்க. சாட்சி ஒவ்வொருத்தரும் மொதல்ல தன் வயசு, எங்க பொறந்தோம், இந்தப் பகுதியில எத்தனை வருஷமா இருக்கோம்னு சொல்லணும். அதுலேர்ந்துதான் அவங்கள்ல பெரும்பாலானவங்க லண்டன்ல பொறக்கவே இல்லைனு நமக்குத் தெரியுது. வெவ்வேற மூலையிலேர்ந்து வந்தவங்க, கொஞ்ச வருஷத்துலயே பக்கத்து வீட்டுப் பேச்சுக்கு கோர்ட்டு வரைக்கும் போறாங்க.

ஏன் இவ்ளோ தூரம் போகணும்? இதுக்கு மானம் மட்டும் காரணம் இல்ல, காசும் காரணம். அந்தக் காலத்துல சில்லறைக் காசுக்குப் பயங்கரத் தட்டுப்பாடு. ரொட்டி, ஏல் (ஒரு வகை பீர்), மெழுகுவத்தி, துணி எல்லாமே பெரும்பாலும் கணக்குல எழுதித்தான் வாங்குவாங்க, எழுதத் தெரியாதவங்க கதவுல சாக்பீஸ் கோடு போட்டு வச்சுக்குவாங்க, கொஞ்ச மாசம் கழிச்சு நேர் பண்ணிக்குவாங்க. ஒரு குடும்பத்தோட பேரு கெட்டா அடுத்த நாள் கடன் நின்னுபோகும், வாடகைக்கு இடம் கெடைக்காது, வேலைக்காரிக்கு வேற வீட்டுல வேலை கெடைக்காது. கிராமத்துலன்னா தாத்தா பேரு சொன்னா போதும், இங்க தாத்தாவை யாருக்கும் தெரியாது, அதனால தெரு உன்னைப் பத்தி இப்போ என்ன பேசுதோ அதுதான் உன்னோட முழு சொத்து. ஊரு பெருசாக ஆக அக்கம்பக்கத்துப் பேச்சுக்கு மதிப்பு கூடினதுக்கு இதுதான் அடிப்படைனு நான் உறுதியா நம்புறேன். அந்த வழக்குகள்ல நெறைய தீர்ப்பு வரைக்கும் போகவே இல்லங்கறதையும் சொல்லணும், பாதியிலயே பாதிரியாரோ பக்கத்து வீட்டுப் பெரியவங்களோ உக்காந்து பேசி சமரசம் பண்ணி விட்டுருக்காங்க.

சண்டையும் உறவும் எப்படி ஒண்ணாவே ஓடுச்சுங்கறதுக்கு எனக்கு ரொம்பப் பிடிச்ச சாட்சி சாமுவேல் பெப்பீஸ். தையல்காரர் மகன், கடற்படை அலுவலகத்துல பெரிய பதவிக்கு வந்தவர், 1660லேர்ந்து 1669 வரைக்கும் டயரி எழுதினார். 1660 அக்டோபர்ல ஒரு நாள் தன் வீட்டு நிலவறைக்கு எறங்குறார், கால் மலக்குவியல்ல போயி வைக்குது. பக்கத்து வீட்டு டர்னரோட கக்கூஸ் குழி நெறைஞ்சு இவர் நிலவறைக்குள்ள வழிஞ்சிருக்கு. இந்த மாதிரி பொதுச் சுவர், பொதுக் கிணறு, குழி, சாக்கடை எல்லாம் பங்கு போட்டுக்கிட்டு வாழ்ந்தவங்களுக்கு பக்கத்து வீடு யாருன்னு தெரியாம இருக்க வழியே இல்ல. அதே டர்னரும் அவர் மனைவியும் 1666 செப்டம்பர் 4ஆம் தேதி ராத்திரி, லண்டன் மொத்தமும் எரிஞ்சுக்கிட்டு இருக்கறப்போ, பகல் பூரா வீட்டு சாமானைத் தோட்டத்துல கொண்டுவந்து போட்டுட்டு என்ன செய்யறதுன்னு தெரியாம நிக்கிறாங்க. அன்னிக்கு ராத்திரி பெப்பீஸும் மனைவியும் அவங்க ரெண்டு பேரும் ஆபீஸ்ல ஒண்ணா உக்காந்து, கடையிலேர்ந்து வாங்கின ஆட்டுத் தோள்கறி, துடைக்கத் துணி கூட இல்லாம சாப்பிட்டோம், வருத்தமான நிலைமைதான் ஆனா சந்தோஷமா இருந்தோம்னு எழுதுறார். நான் அந்த டயரியில அடிக்கடி திரும்பிப் படிக்கிற பக்கம் இது.

பிளேக் பத்தி சொல்லாம முடியாது. 1563, 1593, 1603, 1625, 1665னு திரும்பத் திரும்ப வந்துச்சு. 1665ல மட்டும் பதிவான பிளேக் சாவு 68,596. ஒரு வீட்டுல ஒருத்தருக்கு வந்தா மொத்தக் குடும்பத்தையும் உள்ள வச்சுப் பூட்டி, கதவுல சிவப்புச் சிலுவை போட்டு, 40 நாள் வெளிய விடமாட்டாங்க, பகலுக்கு ஒருத்தர் ராத்திரிக்கு ஒருத்தர்னு காவல். 1604ல வந்த சட்டப்படி உடம்புல பிளேக் கட்டியோட காவலை மீறி வெளிய நடமாடினா தூக்கு வரைக்கும் போகலாம். ஆனா உள்ள இருக்கறவங்களுக்கு சாப்பாடு யாரு குடுத்தா? பாரிஷ். நம்ம ஊர் கிறிஸ்தவங்க பங்குனு சொல்றாங்களே, அதேதான், ஆனா அங்க அது சர்ச் மட்டும் இல்ல, வரி வசூல், ஏழைகளுக்கு உதவிப்பணம், தெரு சுத்தம் எல்லாம் அது கையிலதான். செத்தது எதனாலன்னு பாக்கறதும் அந்த பாரிஷ்ல உதவிப்பணம் வாங்கற வயசான விதவைங்கதான். பிணத்துக்கு இத்தனை பென்ஸ்னு கூலி. அவங்க சொன்னதை வச்சுத்தான் வாராவாரம் சாவுப் பட்டியல் அச்சடிச்சு வித்தாங்க. ஜான் கிரான்ட்னு ஒரு துணிமணி வியாபாரி அந்தப் பட்டியலையெல்லாம் சேர்த்து வச்சு 1662ல ஒரு ஆராய்ச்சி வெளியிட்டார், லண்டன்ல பத்து லட்சத்துக்கும் மேல பேர் இருக்காங்கனு பேசிக்கிட்டு இருந்த காலத்துல சுமாரா 3 லட்சத்து 84 ஆயிரம்தான்னு கணக்குப் போட்டுக் காட்டினார். அதே ஆளு இன்னொண்ணும் கவனிச்சார்: ஒரு கோப்பை ஏலும் வழக்கமான கூலியப் போல ரெண்டு மடங்கும் குடுத்தா அந்தக் கிழவிங்க மேக நோயில (பாலியல் நோய்) செத்தவனை காசநோய்னு எழுதிடுவாங்கன்னு. செத்தவன் பேரக் காப்பாத்த குடும்பம் பணம் குடுக்குது, அந்த அளவுக்குப் பேரு முக்கியம்.

இந்த அக்கம்பக்கம் எல்லாருக்கும் நல்லதா இருக்கல, அதையும் சொல்லணும். 1601 ஏழைகள் சட்டப்படி ஒவ்வொரு பாரிஷும் தன் ஏழைகளைப் பாத்துக்கணும், 1662ல வந்த சட்டப்படி வருஷத்துக்கு 10 பவுண்டுக்குக் கம்மியான வாடகையில புதுசா குடிவந்தவங்க பின்னாடி நமக்கு பாரமா வந்து நிப்பாங்கனு தோணினா 40 நாளுக்குள்ள புகார் குடுத்துப் பழைய ஊருக்கே அனுப்பலாம். இதுல ரொம்ப அடிபட்டது கல்யாணமாகாம கர்ப்பமான வேலைக்காரப் பொண்ணுங்கதான். குழந்தை எந்த எல்லையில பொறக்குதோ அந்த பாரிஷ் செலவு, அதனால நிறைமாசத்துல இருக்கறவளை எல்லைக்கு அந்தப் பக்கம் தள்ளி விட்டுருக்காங்க. பிரசவ வலியில துடிக்கறப்போ அப்பன் பேரைச் சொன்னாத்தான் உதவின்னு மருத்துவச்சி கேக்கணும், அவன்கிட்ட பணம் வசூலிக்கறதுக்காக. பக்கத்து வீட்டுப் பொம்பளைங்க சுத்தி நின்னு சாட்சி. இதைப் படிக்கறப்போ எல்லாம் எனக்கு மனசு கனத்துப்போகும். தெரிஞ்சவங்க நடுவுல வாழ்றதுன்னா இதுவும் சேந்ததுதான்.

காபி கடைகளைப் பத்திதான் எல்லாரும் நெறைய எழுதுறாங்க, 1652ல பாஸ்குவா ரோசேனு ஒருத்தர் கார்ன்ஹில் பக்கம் மொத கடை போட்டாரு, ஒரு பென்னிக்கு உள்ள போயி யாரோடயும் பேசலாம்னு. உண்மைதான், 1675ல சார்லஸ் ராஜா மூடச் சொல்லி உத்தரவு போட்டு, எதிர்ப்பு வந்ததும் சில நாள்லயே வாபஸ் வாங்கற அளவுக்கு அது பெருசாச்சு. ஆனா அது வியாபாரிங்க, படிச்ச ஆம்பளைங்க உலகம். தெருவுல பாதி ஜனத்துக்கு சாயங்காலம்னா ஏல் கடை, தண்ணி குழாயடி, வாசப்படிதான். 1613ல நியூ ரிவர் கால்வாய் வெட்டி ஹெர்ட்ஃபோர்ட்ஷைர் ஊத்துத் தண்ணிய லண்டனுக்குக் கொண்டுவந்த பிறகும், வீட்டுக்குள்ள குழாய் இழுக்கக் காசு இல்லாதவங்க பொதுத் தொட்டியில வரிசையில நின்னாங்க, ஊருச் செய்தி அங்கதான் பரவுச்சு.

நீங்க படிச்ச "யாருக்கும் யாரையும் தெரியாத கூட்டம்" உண்மையிலேயே எங்கயாவது இருந்துச்சுன்னா, அது நகரத்தச் சுத்தியிருந்த மதில் சுவருக்கு வெளிய. மதில் உள்ள 97 பாரிஷ், நெறைய பாரிஷ் நாலஞ்சு தெரு அளவுதான். வெளிய ஸ்டெப்னி, கிரிப்பிள்கேட் மாதிரி இடத்துல ஒரே பாரிஷ்ல பல ஆயிரம் பேர், பாரிஷ் நிர்வாகத்தப் பாத்துக்கற சர்ச் வார்டனுக்கு முகமே தெரியாது, 1665 பிளேக் ரொம்ப அடிச்சதும் அங்கதான். உள்ள இருந்தவங்க தங்களோட சின்ன பாரிஷை எவ்ளோ இறுக்கிப் பிடிச்சாங்கன்னா, 1666 தீயில 87 பாரிஷ் சர்ச் எரிஞ்சுச்சு, திரும்பக் கட்டினது 51தான், மத்த பாரிஷ்களைப் பக்கத்து சர்ச்சோட சேத்துட்டாங்க. ஞாயித்துக்கிழமை ரெண்டு பாரிஷும் ஒரே கூரைக்குக் கீழ உக்காந்து பிரசங்கம் கேட்டுச்சு. ஆனா சர்ச் வார்டன் தனி, ஏழைங்க கணக்குப் புத்தகம் தனி, வரி தனினுதான் அதுக்கப்பறமும் ரொம்ப காலம் நடத்துனாங்க.