குறும் ஆவணப்படம் எடுத்தே பிழைக்க முடியுமா?

முடியும். ஆனால் படத்தை விற்றுப் பிழைக்க முடியாது. கேமராவும் எடிட்டிங்கும் தெரிந்திருந்தால் அதை வைத்துப் பிழைக்கலாம்.

நீங்கள் அநேகமாக இப்போதுதான் படிப்பை முடித்திருப்பீர்கள், வீட்டில் கேள்விகள் தொடங்கியிருக்கும். முதுமலையில் எடுத்த 'தி எலிபென்ட் விஸ்பரர்ஸ்' 2023இல் ஆஸ்கர் வாங்கியதிலிருந்து எங்கள் வீட்டிலும் "உன் படம் எப்போது?" என்றுதான் கேட்கிறார்கள். அது நெட்பிளிக்ஸ் வெளியிட்ட படம். நம்மைப் போன்றவர்கள் பாடு வேறு.

தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றி நான் ஒரு சிறு படம் எடுத்தேன். வெயில் ஏறுவதற்குள் முடிக்க வேண்டும் என்று விடியும் முன்பே பாத்தியில் இறங்கிவிடுவார்கள். அப்போது படம் எடுக்க வெளிச்சம் போதாது. வெளிச்சம் வந்த பிறகோ உப்பின் வெள்ளையில் கண் கூசும், முகங்கள் இருட்டாகப் பதிவாகும். ஐப்பசி மழையில் வேலை நின்ற பிறகுதான் அந்தப் பெண்கள் உட்கார்ந்து பேசினார்கள். கூலி, கால் வெடிப்பு, வட்டிக்கு வாங்கிய கடன் எல்லாம் வந்தது. படத்தின் உயிரே அந்தப் பேச்சுதான். மழை வரும்வரை காத்திருக்கச் சொல்லி எந்தத் தயாரிப்பாளர் பணம் தருவார்?

பணம் கல்யாண வீடியோ எடிட்டிங்கிலும் தொண்டு நிறுவனங்களுக்கு எடுத்துக் கொடுத்த படங்களிலும் வந்தது. அது சமரசம் என்று கீழே யாராவது எழுதுவார்கள். எழுதட்டும். ஹார்ட் டிஸ்க்கும் சப்டைட்டிலும் அந்தக் காசில் வந்தவை. படத்தில் ஒரு வரியைக்கூட யாருக்காகவும் நான் வெட்டவில்லை.

அப்புறம், தணிக்கை. 1952ஆம் ஆண்டுச் சட்டப்படி பொதுத் திரையிடலுக்குச் சான்றிதழ் வேண்டும். 2004 மும்பை சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழாவுக்கு இந்தியப் படங்களிடம் மட்டும் அந்தச் சான்றிதழைக் கேட்டதில் தொடங்கிய சண்டைதான் 'விகல்ப்' என்ற மாற்றுத் திரையிடலாக வளர்ந்தது. கையால் மலம் அள்ளும் தொழிலாளர்களைப் பற்றி திவ்யபாரதி எடுத்த 'கக்கூஸ்' ஆவணப்படத்தின் திரையிடல்கள் தடுக்கப்பட்டபோது, 2017இல் அது யூடியூபில்தான் மக்களிடம் போனது. உங்கள் படம் யாரையாவது உறுத்தும் என்றால் இதற்கும் தயாராக இருங்கள். டாலரில் கட்டணம் வாங்கிக்கொண்டு மாதாமாதம் விருது தரும் ஆன்லைன் விழாக்களுக்கு ஒரு ரூபாய்கூடக் கட்டாதீர்கள்.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், மனதில் கிடந்து அரிக்கிறது. கல்லூரிகளில் படத்தைத் திரையிட்டு மாணவர்களோடு பேசக் கூப்பிடுவார்கள். போனால் பொன்னாடை, நினைவுப் பரிசு, முதல்வரோடு ஒரு புகைப்படம். பஸ் காசு கிடையாது. அதே விழாவில் பந்தல்காரருக்கும் மைக்செட்காரருக்கும் அன்றைக்கே கணக்குத் தீர்ப்பார்கள். எங்கள் உழைப்புக்கு மட்டும் ஏன் சால்வை? பணத்தாசை என்று நினைப்பவர்கள் அந்த உப்பளத்தில் ஒரு காலை நின்று பார்க்கட்டும். அதனால், யார் கூப்பிட்டாலும் பயணச் செலவையும் சன்மானத்தையும் போனிலேயே பேசி முடித்துவிட்டு, மின்னஞ்சலிலும் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.