உலகத்தை ஒலியால் பிடித்து வைக்கும் கருவி: கதையில் நம்பும்படி எழுத முடியுமா?

சென்னையில் நடக்கும் உங்கள் கதையில், யதார்த்தம் கலைந்துபோகாமல் ஒலியால் காக்கும் கருவி வருகிறது, அதற்கு அறிவியல் அடிப்படை உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். பாதி உண்டு. அந்தப் பாதியே போதும்.

நிலை அலையிலிருந்து தொடங்குங்கள். எதிரெதிரே வரும் ஒலி அலைகள் கலக்கும்போது, காற்றழுத்தம் ஏறி இறங்காத புள்ளிகள் உருவாகும். அவை கணுக்கள். காதுக்குக் கேட்காத 40 கிலோஹெர்ட்ஸ் மீயொலியில் கணுவுக்குக் கணு சுமார் 4 மில்லிமீட்டர். சின்னத் தெர்மாகோல் மணியை அங்கே விட்டால் அந்தரத்தில் நிற்கும். இது கற்பனை இல்லை, ஆய்வகங்களில் செய்து காட்டுவதுதான். அந்தத் தெர்மாகோல் மணிக்கு நடப்பது நம்மைச் சுற்றியுள்ள இடவெளிக்கே நடக்கிறது என்பது மட்டும் உங்கள் கற்பனையாக இருக்கட்டும். அதற்கு மேல் விளக்கம் சொன்னால் கதை கெட்டுவிடும்.

கருவியின் பலவீனத்தைச் சென்னை வெயிலே கொடுத்துவிடும். ஒலியின் வேகம் 25 டிகிரியில் நொடிக்கு 346 மீட்டர், 40 டிகிரியில் 355. வேகம் கூடினால் கணுக்களின் இடைவெளியும் கூடும். மார்கழியில் மயிலாப்பூரில் சுருதி சேர்த்த கருவியில், அக்னி நட்சத்திரத்தில் நூறாவது கணு ஒரு சென்டிமீட்டருக்கு மேல் தள்ளிப்போய்விடும். அந்த இடைவெளியில் எந்தத் தெரு நழுவுகிறது? கதை அங்கேதான் இருக்கிறது.

உருவத்துக்குத் தம்பூராவைப் பாருங்கள். தந்தியைத் தாங்கும் கட்டையான குதிரைக்கும் தந்திக்கும் நடுவே ஒரு ஜீவா நூல். அதை மயிரிழை நகர்த்தினால் நாதம் விரிந்து ரீங்கரிக்கும். மாநிலக் கல்லூரியில் படித்த சி.வி. ராமனே தம்பூரா, வீணைத் தந்திகளின் அதிர்வை ஆராய்ந்திருக்கிறார். டிஜிட்டல் திரையைவிட, வியர்த்த விரலால் அந்த நூலை நகர்த்தும் ஒருவரை எழுதுங்கள்.